சுங்கை சிப்புட் பழைய கடையில் ஒரு டெக்சாஸ் அலமாரி

சுங்கை சிப்புட் சந்தைக்குப் பின்வரிசையில் இருக்கிறது அந்தக் கடை. முன்பாதியில் பள்ளி நோட்டு, பேனா, போட்டோஸ்டேட். பெயர்ப்பலகையைப் பார்த்தால் உள்ளே பழைய புத்தகமும் இசைத்தட்டும் இருப்பது தெரியவே தெரியாது. போட்டோஸ்டேட் இயந்திரத்தைத் தாண்டி, அட்டைப்பெட்டிகளுக்கு நடுவில் ஒருக்களித்து நடந்தால் பின்பக்கம் ஓர் இரும்பு அலமாரி. மேலே மூன்று அடுக்குகளில் பேப்பர்பேக் நாவல்கள், கீழே இரண்டில் எல்பி இசைத்தட்டுகள், பக்கவாட்டில் தொங்கும் பிளாஸ்டிக் கூடையில் சிடியும் கேசட்டும். எல்லாமே ஒரே மாநிலத்தைப் பற்றியவை: டெக்சாஸ். குற்றக்கதையும் ராக் இசையும்.

செம்பனைத் தோட்டத்துக்கு நடுவில் இருக்கிற ஊரில் இப்படியொரு அலமாரியா என்று வியப்பவர்கள் பக்கத்து அலமாரியையும் பார்க்க வேண்டும். அதில் மலாயா அவசரகாலம் பற்றிய நூல்கள். 1948 ஜூன் 16 அன்று இந்த ஊரைச் சுற்றிய தோட்டங்களில் மூன்று துரைமார் சுட்டுக் கொல்லப்பட்டார்கள், இரண்டே நாளில் நாடு முழுக்க அவசரகாலம் வந்தது. தோட்டம், துப்பாக்கி, சட்டம், கூலி ஆகியவற்றை ஒன்றாக வைத்துப் பார்ப்பது இந்த ஊர்க் கடைக்காரருக்குப் புதிதல்ல.

அலமாரியை அவர் அடுக்கியிருக்கும் விதம்தான் இங்கே பார்க்க வேண்டியது. அகர வரிசை கிடையாது. ஊர் ஊராகப் பிரித்திருக்கிறார்: எல்லைப்புறம், எல் பாசோ, லபக், ஆஸ்டின், ஹியூஸ்டன், கிழக்கு டெக்சாஸ், கடைசியில் சிறை. ஒவ்வொரு ஊருக்கும் நேர்மேலே நாவல், நேர்கீழே தட்டு. டெக்சாஸ் குற்ற எழுத்தையும் டெக்சாஸ் இசையையும் தனித்தனியாகப் படித்தவர்களுக்குக்கூடப் புலப்படாத உறவு இந்த அடுக்கில் கண்ணுக்குத் தெரிகிறது. ஒரே நெடுஞ்சாலை, ஒரே மதுக்கடை, ஒரே சிறைப் பண்ணை. ஆனால் அடுக்கத் தெரிந்தவருக்கு விலை போடத் தெரியவில்லை. முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம்: புத்தகத்துக்கு நம்பிப் போங்கள். தட்டுக்கு, சோதித்துப் பார்க்கத் தெரிந்தால் மட்டும் போங்கள். சிடியில் ஒரே ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். கேசட்டைத் தொட வேண்டாம்.

சிறை என்று எழுதி ஒட்டியிருக்கும் பகுதிதான் அலமாரியிலேயே கனமானது. பாடகர் லெட்பெல்லி 1918-இல் ஒரு கொலை வழக்கில் தண்டனை பெற்று டெக்சாஸ் சிறைப் பண்ணைகளுக்குப் போனவர். சுகர்லேண்ட் பண்ணையில் இருந்தபோது, பார்வையிட வந்த ஆளுநர் பேட் நெஃப்புக்கு முன்னால் மன்னிப்புக் கேட்டே பாடினார். 1925-இல் பதவி விட்டுப் போகும் நேரத்தில் நெஃப் அவரை விடுவித்தார். சிறைச் சுவரில் ஒளி அடித்துவிட்டுப் போகும் நள்ளிரவு ரயிலைப் பற்றி லெட்பெல்லி பாடிய 'மிட்நைட் ஸ்பெஷல்' பாட்டை 1969-இல் கலிபோர்னியாவின் கிரீடன்ஸ் குழு பாடியதால்தான் நம் ஊர்ப் பெரியவர்கள் பலருக்கு அது தெரியும். இரண்டு தட்டும் இங்கே முன்னும் பின்னுமாக நிற்கின்றன. கிரீடன்ஸ் டெக்சாஸ் குழு இல்லை என்று யாராவது கேட்டால் கடைக்காரர் சிரிப்பதோடு சரி.

சுகர்லேண்ட், பெயரைப் போலவே கரும்பு நிலம். அடிமை முறை ஒழிந்த பிறகு கரும்பு வெட்ட ஆள் கிடைக்கவில்லை. டெக்சாஸ் அரசு கைதிகளைக் குத்தகைக்கு விட்டது. 1878-இல் கன்னிங்ஹாம், எல்லிஸ் என்ற இரண்டு கரும்பு முதலாளிகள் மாநிலத்துக் கைதிகள் அத்தனை பேரையும் குத்தகைக்கு எடுத்தார்கள். 2018-இல் அங்கே பள்ளிக்கூட வளாகம் கட்டத் தோண்டியபோது 95 பேரின் எலும்புகள் கிடைத்தன. பால்மரத்துக்கும் முன்னால் செபராங் பிறைக் கரும்புத் தோட்டங்களுக்குக் கூலிகளாக வந்தவர்களின் வழியில் வந்த வாசகருக்கு இதை யாரும் விளக்க வேண்டியதில்லை.

இந்தப் பகுதியில் தவறவிடக் கூடாதது புரூஸ் ஜாக்சன் 1960-களில் டெக்சாஸ் சிறைப் பண்ணைகளில் பதிவு செய்த வேலைப் பாடல்கள். 'வேக் அப் டெட் மேன்' என்ற நூல் 1972-இல் வந்தது, அதே பெயரில் எல்பி 1975-இல். ஒரே மரத்தைச் சுற்றி நின்று பல பேர் கோடாலி வீசும்போது தாளம் தவறினால் அடுத்த ஆளின் கால் போய்விடும். அதனால் பாட்டு அங்கே பொழுதுபோக்கு இல்லை, பாதுகாப்பு ஏற்பாடு. மெதுவாக வெட்டுகிறவனைத் தனியாகப் பிடித்து அடிக்க மேலாளுக்கு வழி கொடுக்காமல், எல்லாரையும் ஒரே வேகத்தில் வைத்திருப்பதும் அதன் வேலை. நூல் 35 வெள்ளி, தட்டு 90 வெள்ளி. கையில் காசு குறைவு என்றால் நூலை முதலில் எடுங்கள், பாடல் வரிகளும் மெட்டும் அதிலேயே இருக்கின்றன. தட்டைக் கேட்கும்போது பின்னால் 'டொக் டொக்' என்று சீராக விழும் ஒலியைக் கீறல் என்று நினைத்துத் திருப்பிக் கொடுத்துவிடாதீர்கள். அது கோடாலி.

எல்லைப்புறப் பகுதிக்கு ஒரே ஒரு நூல்தான், ஆனால் நல்ல நூல். 1901-இல் ஒரு ஷெரிஃபைச் சுட்டுவிட்டுப் பத்து நாள் டெக்சாஸ் போலீசாருக்குத் தண்ணி காட்டிய கிரிகோரியோ கோர்ட்டெஸ் மீது மெக்சிகோ வம்சாவளியினர் கட்டிய கொரிதோ பாடலை ஆராய்ந்து அமெரிகோ பரேதெஸ் 1958-இல் வெளியிட்டது. கொலைச்சிந்து அறிந்த தமிழருக்கு கொரிதோவைத் தனியாக அறிமுகப்படுத்த வேண்டாம். கொலை நடந்த சூட்டோடு பாட்டுக் கட்டி, மலிவுத் தாளில் அச்சடித்து, சந்தையில் நின்று பாடி விற்ற குஜிலிப் புத்தகங்களும், ஜம்புலிங்கத்தின் மேல் கட்டிய கதைப்பாட்டும் செய்த அதே வேலை. வித்தியாசம் ஒன்று உண்டு. கொலைச்சிந்து பெரும்பாலும் கடைசியில் சட்டத்தின் பக்கம் சாய்ந்து புத்தி சொல்லும். கோர்ட்டெஸ் பாட்டு சாயாது. பல்கலைக்கழகப் பதிப்பு, நல்ல தாள், 30 வெள்ளிக்கு மிக மலிவு.

எல் பாசோ, லபக் பகுதிகளைச் சேர்த்தே பார்க்க வேண்டும். லபக்கில் பிறந்த ராக் பாடகர் பட்டி ஹாலி 1959 பிப்ரவரி 3 அன்று விமான விபத்தில் இறந்த பிறகு அவருடைய கிரிக்கெட்ஸ் குழுவில் கிதார் வாசித்துப் பாடிய சன்னி கர்ட்டிஸ் எழுதியது 'ஐ ஃபாட் த லா'. கிரிக்கெட்ஸ் 1960-இல் வெளியிட்டபோது யாரும் கண்டுகொள்ளவில்லை. எல் பாசோ பையன் பாபி ஃபுல்லர் தன் வீட்டிலேயே ஸ்டூடியோ கட்டி 1964-இல் ஒருமுறை பதிவு செய்தார், பிறகு லாஸ் ஏஞ்சலஸில் மறுபடியும் பதிவு செய்து 1966-இல் பெரிய வெற்றி கண்டார். அதே வருடம் ஜூலை 18 அன்று ஹாலிவுட்டில் அவர் குடியிருந்த கட்டடத்துக்கு வெளியே, தாயாரின் காருக்குள், பெட்ரோல் நனைந்த நிலையில் பிணமாகக் கிடந்தார். வயது 23. தற்கொலை என்றார்கள், பிறகு விபத்து என்றார்கள். நம்பியவர் குறைவு. சட்டத்தோடு மோதித் தோற்றவனின் பாட்டைப் பாடியவரின் சாவே துப்புத் துலங்காத வழக்காகிவிட்டதால் இந்த ஒரு பாட்டைச் சுற்றியே தனி நூல்கள் எழுந்தன. அவருடைய தம்பி ராண்டல் சேர்ந்து எழுதி 2015-இல் வந்த வாழ்க்கை வரலாறு இங்கே இருக்கிறது, 45 வெள்ளி.

கீழே நிற்கும் மூன்று வகைத் தட்டில் எதை எடுப்பது? அந்தக் காலத்துச் சின்னத் தட்டு, அதாவது 45 சுழற்சி, 150 வெள்ளி. நடுத்துளை பெரியது, உங்கள் பிளேயருக்கு அடாப்டர் இல்லையென்றால் பயனில்லை. கடையில் அடாப்டர் தனியாக 5 வெள்ளி. அந்தத் தட்டின் பக்கங்கள் இரண்டும் சாம்பல் நிறமாகத் தேய்ந்திருக்கின்றன. ஜூக்பாக்ஸில் ஓடியதற்கான அடையாளம் அது. கனத்த ஊசி தின்ற உச்ச ஒலி எந்தக் கழுவலிலும் திரும்பாது. 1979-இல் இங்கிலாந்தின் கிளாஷ் குழு பாடிய பதிப்பு 60 வெள்ளி, நல்ல நிலை. வேண்டியது அதுவும் இல்லை. 1980-களின் தொடக்கத்தில் வந்த பாபி ஃபுல்லர் தொகுப்பு எல்பி 50 வெள்ளிக்கு இருக்கிறது, அதையே எடுங்கள்.

ஆஸ்டின் பகுதியில்தான் பணம் போகும். கவனமாக இல்லையென்றால் வீணாகவும் போகும். 13-த் ஃப்ளோர் எலிவேட்டர்ஸ் குழுவின் முதல் ஆல்பம் 1966-இல் ஹியூஸ்டனின் இன்டர்நேஷனல் ஆர்ட்டிஸ்ட்ஸ் நிறுவனம் வெளியிட்டது. பாடகர் ராக்கி எரிக்சன் 1969-இல் ஒரே ஒரு கஞ்சாச் சுருட்டோடு பிடிபட்டார். 1973-இல் சட்டம் திருந்தும்வரை டெக்சாஸில் கஞ்சா எவ்வளவு கொஞ்சமாக இருந்தாலும் பெருங்குற்றம், ஆயுள்வரை உள்ளே தள்ளலாம். அதிலிருந்து தப்ப அவர் தரப்பில் மனநிலை சரியில்லை என்று வாதாடப்போக, ரஸ்க் மாநில மருத்துவமனையில் அடைக்கப்பட்டு 1972-இல்தான் வெளியே வந்தார். டெக்சாஸ் ராக்கும் டெக்சாஸ் குற்றவியலும் மோதிக்கொண்ட இடங்களில் இதைவிடக் கொடியது அதிகம் இல்லை.

இந்த ஆல்பத்தின் ஒரு பிரதியில் 'ஒரிஜினல் 1966' என்று மஞ்சள் ஸ்டிக்கர் ஒட்டி 480 வெள்ளி போட்டிருக்கிறார்கள். அது ஒரிஜினல் அல்ல. தட்டை வெளியே எடுத்து, பாட்டு முடிந்து லேபிள் தொடங்கும்வரை இருக்கும் வெறும் வளையத்தைக் கைப்பேசி விளக்கில் சாய்த்துப் பாருங்கள். 'மாஸ்டர்ஃபோனிக்ஸ்' என்ற சிறு முத்திரை குத்தியிருக்கும். 1979-இல் அதே நிறுவனத்தின் லேபிளோடு மறுபடி அச்சிட்ட தட்டுகளில் இருக்கும் முத்திரை அது. அட்டையும் லேபிளும் பழையது போலவே இருப்பதால் உலகம் முழுக்க ஏமாறுகிறார்கள். கடைக்காரரும் ஏமாந்துதான் வாங்கியிருப்பார், ஏமாற்றுகிற ஆள் இல்லை. அதற்குப் பின்னாலேயே இங்கிலாந்தின் ரேடார் நிறுவனம் 1978-இல் வெளியிட்ட பதிப்பு 120 வெள்ளிக்கு நிற்கிறது. அதை எடுத்துக்கொண்டு வெளியே வாருங்கள். வீட்டில் போட்டதும் பாட்டுக்குப் பின்னால் 'குபுகுபு' என்று ஓயாமல் ஒரு சத்தம் வரும். பெல்ட் தளர்ந்துவிட்டதோ, ஊசி ஆடுகிறதோ என்று பிளேயரைக் கழற்ற வேண்டாம். டாமி ஹால் என்பவர் மண்குடுவையின் வாயில் மைக்கைப் பிடித்துக்கொண்டு அதற்குள் குரல் கொடுக்கிறார்.

தட்டுக்கு நேர்மேலே ஜெசி சப்லெட்டின் நூல்கள். இவர் 1970-களின் இறுதியில் ஆஸ்டினில் ஸ்கங்க்ஸ் என்ற பங்க் குழுவில் பேஸ் கிதார் வாசித்தவர். 1989-இல் எழுதிய 'ராக் கிரிட்டிக் மர்டர்ஸ்' நாவலில் துப்பறிபவனும் பேஸ் கிதார்காரனே. கச்சேரிக் கூலி எப்படிப் பங்கு பிரியும், ஆம்பிளிஃபயரை எந்த மாடிப்படி வழியாக ஏற்றுவார்கள், நிகழ்ச்சி முடிந்து காசு தராமல் இழுத்தடிக்கும் மதுக்கடை முதலாளியிடம் எப்படிப் பேசுவார்கள் என்பதெல்லாம் அறிந்த ஆள் எழுதிய துப்பறியும் கதை வேறு மாதிரிதான் இருக்கும். 1976-இல் அவருடைய காதலி கொலை செய்யப்பட்டார். அதைப் பற்றி 2004-இல் எழுதிய நினைவுக் குறிப்பைப் படித்த பிறகு நாவலின் நகைச்சுவை வேறு தொனியில் கேட்கிறது. சிறு ஊர் வங்கிகளைக் கொள்ளையடித்த ஓவர்ட்டன் கும்பல் பற்றி 2015-இல் அவர் எழுதிய வரலாறும் உண்டு. மூன்றில் ஒன்றுதான் முடியும் என்றால் நினைவுக் குறிப்பு.

கிங்கி ஃப்ரீட்மன் வேறு ரகம். கன்ட்ரி பாடகராக இருந்து, 1986 முதல் துப்பறியும் நாவல் எழுதத் தொடங்கி, 2006-இல் டெக்சாஸ் ஆளுநர் பதவிக்கும் நின்று தோற்று, 2024-இல் காலமானவர். ஆஸ்டின் பல்கலைக்கழகக் கோபுரத்தில் ஏறி 1966 ஆகஸ்ட் 1 அன்று கண்ணில் பட்டவர்களையெல்லாம் சுட்ட சார்லஸ் விட்மன் மேல் துணிந்து கேலிப்பாட்டுக் கட்டியவரும் இவரே. முதல் மூன்று நாவல்களையும் சேர்த்து ஃபேபர் போட்ட தொகுப்பு 18 வெள்ளி. பக்கத்துக்குப் பக்கம் சிரிப்பு இருக்கும், துப்பறிதல் சுமார்தான். டெக்சாஸ் என்று எண்ணி வாங்கினால் கதை நடப்பது நியூயார்க்கில் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

ஹியூஸ்டன் பகுதி சிறியது. பாடகர் ஜானி ஏஸ் 1954 கிறிஸ்துமஸ் நாளில், மேடைக்குப் பின்னால், கைத்துப்பாக்கியை வைத்து விளையாடித் தன்னையே சுட்டுக்கொண்டு இறந்தார். இறந்த பிறகே அவருடைய 'பிளெட்ஜிங் மை லவ்' பட்டியலில் முதலிடம் பிடித்தது. அவருடைய தொகுப்பு ஒன்று 55 வெள்ளி, வேண்டுமானால் எடுக்கலாம். கவனிக்க வேண்டியது ஸிஸி டாப் என்ற ராக் குழு. 1973-இல் வந்த 'த்ரெஸ் ஓம்ப்ரெஸ்' ஆல்பத்தில் இருக்கும் 'லா கிரேஞ்ச்' பாட்டு, அந்த ஊருக்கு வெளியே பல்லாண்டு காலம் போலீசுக்குத் தெரிந்தே நடந்த விபசார விடுதியைப் பற்றியது. அதே கோடையில் ஹியூஸ்டன் தொலைக்காட்சிச் செய்தியாளர் மார்வின் ஸிண்ட்லர் கிளப்பிய பரபரப்பில் விடுதி மூடப்பட்டது, பாட்டு நிலைத்துவிட்டது. அந்தத் தாளக்கட்டு ஜான் லீ ஹூக்கருடையது என்று பின்னாளில் பதிப்புரிமை வழக்கும் நடந்தது. தட்டாக விற்றதே வெளியீடு என்று 1995-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொல்ல, 1997-இல் அமெரிக்க நாடாளுமன்றம் சட்டத்தையே திருத்தியது.

முன்னே சொன்ன சிடி எச்சரிக்கை இங்கேதான். 1987-இல் ஸிஸி டாப்பின் பழைய ஆல்பங்களைத் தொகுப்பாகச் சிடியில் போட்டபோது டிரம்ஸைக் காலி மண்டபத்தில் அடிப்பது போல எதிரொலி சேர்த்து மாற்றிவிட்டார்கள். தனிச் சிடியாக வந்ததிலும் அதே கலவை. பழைய கலவை திரும்பியது 2006 பதிப்பில். கூடையில் இரண்டும் இருக்கின்றன, இரண்டுக்கும் 15 வெள்ளிதான். உறையின் பின்பக்கம் 2006 என்ற ஆண்டும், கடைசியில் மூன்று மேடைப் பதிவுகளும் இருப்பதை எடுங்கள். எல்பி வாங்குகிறவர் புத்தகம்போல் விரியும் உறையின் உட்பக்கத்தைத் திறந்து பார்க்கவும். மேசை நிறைய மெக்சிகோ சாப்பாட்டுப் படம் அங்கே இருக்கிறது. ஈரத்தில் முதலில் ஒட்டிக்கொண்டு பிய்வதும் அந்தப் பக்கமே.

கிழக்கு டெக்சாஸ் பகுதியில் ஜோ லேன்ஸ்டேலின் ஹேப், லெனர்ட் நாவல்கள். வெள்ளையர் ஒருவர், கறுப்பர் ஒருவர். இருவருக்கும் நிரந்தர வேலை கிடையாது, ரோஜாத் தோட்டங்களில் நாள்கூலி. 1990-இல் வந்த 'சாவேஜ் சீசன்' முதல் கதை. அந்த வெயில், அந்த மேலாள், வார முடிவில் கையில் விழும் அற்பக் காசு, குறுக்கு வழியில் ஒரே தடவை பெரிதாகச் சம்பாதித்துவிடலாம் என்று காதில் ஓதும் பழைய சிநேகிதம்: தோட்டம் துண்டாடப்பட்டு ஆட்கள் பட்டணத்துக்கு நகர்ந்த காலத்தை 'ஜகாட்' படத்தில் பார்த்துக் கலங்கியவர்கள் இந்த வரிசையை விடக் கூடாது. ஆங்கிலம் எளிது, பேச்சுநடை, கெட்ட வார்த்தை ஏராளம். இளையோர் பள்ளிப் பைக்குள் வைக்கும் புத்தகம் இல்லை. ஒவ்வொன்றும் 10 வெள்ளி.

அட்டிகா லாக்கின் 'புளூபேர்ட், புளூபேர்ட்' 2017-இல் வந்து, அடுத்த ஆண்டு குற்றக்கதைகளுக்கான எட்கர் விருது வாங்கியது. 59-ஆம் நெடுஞ்சாலை ஓரத்துச் சிற்றூரில் இரண்டு பிணம். விசாரிக்க வருபவர் கறுப்பினத்தைச் சேர்ந்த டெக்சாஸ் ரேஞ்சர், அதாவது மாநிலப் போலீஸ் அதிகாரி. சாலையோரச் சாப்பாட்டுக் கடையும் அங்கே ஓடும் புளூஸ் பாட்டும் கதைக்குள் சாட்சி போல நிற்கின்றன. 25 வெள்ளி, ஏறக்குறைய புதுப் பிரதி. பிறகு ஜிம் தாம்ப்சன். ஃபோர்ட் வொர்த் ஹோட்டலில் எடுபிடிப் பையனாக வேலை பார்த்து எல்லா வகை மனிதரையும் பார்த்தவர், 1952-இல் 'த கில்லர் இன்சைட் மீ' எழுதினார். சிற்றூர்த் துணை ஷெரிஃப் தன் கதையைத் தானே சொல்கிறான். இனிக்க இனிக்கப் பேசியே எதிராளியை வதைக்கிறவன். இதற்கு மேல் சொன்னால் கெட்டுவிடும். பெண்கள் மீதான வன்முறை மிகக் கடுமை, அதை அறிந்தே எடுங்கள். அசல் லயன் பதிப்பெல்லாம் இங்கே கிடைக்காது. 1980-களின் மறுபதிப்பு ஒன்றும் பின்னாளைய வின்டேஜ் பதிப்பும் இருக்கின்றன. அட்டை அழகு முன்னதில், கட்டு உறுதி பின்னதில். படிக்க வாங்குகிறவர் பின்னதையே எடுக்கட்டும்.

ஏனென்றால் பேப்பர்பேக்குக்கு நம் சீதோஷ்ணம் எமன். முதுகில் உருக்கி ஒட்டிய பசை வருடக்கணக்கில் உலர்ந்து கண்ணாடியாகிவிடும். வாங்கும் முன் நடுப்பக்கத்தை மெல்லத் திறந்து காதருகே வையுங்கள். 'படக்' என்றால் அந்தப் புத்தகம் ஒரு வாசிப்பைத் தாங்காது, தாள் தாளாக வரும். பழுப்புப் புள்ளி பரவாயில்லை, அது படிப்பதைக் கெடுக்காது. சாம்பல் அல்லது பச்சைப் பொடி விரலில் ஒட்டினால் உயிருள்ள பூஞ்சணம், வீட்டு அலமாரி முழுக்கப் பரவும். கடையில் எல்பி அடுக்குக்கு அடுத்த நாவல் வரிசை சுவரை ஒட்டியே இருக்கிறது, மழைக்காலத்தில் சுவர் வியர்க்கிறது. அந்த வரிசையின் கடைசிப் பத்துப் பன்னிரண்டு புத்தகங்களைத் தொடாதீர்கள். வாங்கியதைப் பூச்சி இல்லாமல் வீட்டுக்குள் சேர்க்க, காற்றுப் புகாத பிளாஸ்டிக் பையில் போட்டு உறைபெட்டியில் ஒரு வாரம் வையுங்கள். எடுத்ததும் பையைத் திறக்க வேண்டாம். ஒரு நாள் வெளியே கிடந்து அறைச் சூட்டுக்கு வந்த பிறகு திறந்தால்தான் தாள் நனையாது. பூச்சியும் முட்டையும் போகும், பூஞ்சணம் போகாது.

தட்டுகளைப் பொறுத்தவரை பெரிய குறை கடையின் பிளேயர். "போட்டுக் கேட்டுட்டு வாங்குங்க தம்பி" என்று கடைக்காரர் மனசாரத்தான் சொல்வார். ஆனால் அது சூட்கேஸ் போல மூடித் தூக்குகிற மலிவு ரகம், ஊசியைப் பிடித்திருப்பது செராமிக் கார்ட்ரிட்ஜ். அந்த ரகத்தில் தட்டின் மேல் விழும் எடை 5 கிராமையும் தாண்டும். நல்ல பிளேயரில் ஒன்றரை முதல் இரண்டு கிராம் போதும். இதனால் வரும் தொல்லை இரண்டு. வளைந்த தட்டையும் அந்தக் கனம் அமுக்கிப் பிடித்து ஓட்டிவிடும், வீட்டுக்கு வந்தால் உங்கள் ஊசி துள்ளும். தேய்ந்த ஊசி நல்ல தட்டின் உச்ச ஒலியை அங்கேயே கொஞ்சம் அரித்தும்விடும். ஆகவே காதை நம்பாமல் கண்ணை நம்புங்கள். தட்டைக் கண் மட்டத்துக்கு உயர்த்தி, விளிம்பைச் சுழற்றிப் பாருங்கள். மெதுவான அலை போன்ற வளைவு பெரும்பாலும் ஓடும். விளிம்பில் ஒரே இடத்தில் சுருக்கென்று எழும்பினால் ஓடாது. பிறகு விளக்கைச் சாய்வாகப் பிடியுங்கள். நகத்தில் தட்டுப்படாத மயிரிழைக் கீறல் சத்தம் போடாது. கோடுகளுக்குக் குறுக்கே நகம் சிக்கும் கீறல் சுற்றுக்கு ஒருமுறை 'டிக்' என்னும், 33⅓ சுழற்சியில் அது ஏறக்குறைய 1.8 விநாடிக்கு ஒன்று. பாட்டு முழுக்கத் தாளம் போல விழும்.

சிலந்தி வலை போன்ற வெண்திட்டுகள் பூஞ்சணம், கழுவினால் பெரும்பாலும் போகும். துடைத்தும் போகாத பால் நிற மூட்டம், பிளாஸ்டிக் உறை தட்டோடு வினைபுரிந்தது. அது தட்டுக்குள்ளேயே இறங்கிவிட்டது, எந்த மருந்துக்கும் கேட்காது. சிறைப் பகுதியில் இரண்டு தட்டு அப்படி இருக்கின்றன, வெளியே உறை பளபளப்பாக இருப்பதால் தெரியாது. இழுத்துப் பார்க்காமல் காசு கொடுக்க வேண்டாம்.

தட்டு ஒன்றுக்கு 3 வெள்ளி வாங்கிக்கொண்டு கழுவித் தருகிறார்கள். வேண்டாம். குழாய்த் தண்ணீரும் ஒரே துணியும்தான். தண்ணீர் காய்ந்ததும் அதிலிருக்கும் உப்பு கோட்டுக்குள் தங்கி, கழுவும் முன் இல்லாத படபடப்பைக் கொண்டுவரும். பலருக்கும் கழுவிய துணி ஒரு தட்டின் பூஞ்சணத்தை அடுத்ததற்கு ஏற்றும். வீட்டிலேயே செய்யலாம்: காய்ச்சி வடித்த நீர் நான்கு பங்கு, மருந்துக் கடையில் கிடைக்கும் ஐசோபுரோபில் ஆல்கஹால் ஒரு பங்கு, வாசனை இல்லாத பாத்திரம் கழுவும் திரவம் இரண்டே சொட்டு. மென் தூரிகையால் கோடுகள் போகும் திசையிலேயே சுற்றித் தேய்த்து, பிறகு வெறும் காய்ச்சி வடித்த நீரால் இரண்டு முறை அலசி, நிற்க வைத்துக் காய விடுங்கள். லேபிளில் ஈரம் படக் கூடாது. 78 சுழற்சி பழைய தட்டுகளுக்கு இந்தக் கலவை ஆகவே ஆகாது. அவை அரக்கில் செய்தவை, ஆல்கஹால் பட்டால் கரையும்.

கேசட்டைத் தொட வேண்டாம் என்பதற்குக் காரணம் நாடாவை அழுத்திப் பிடிக்கும் சின்னக் கம்பளித் துண்டு. பசை விட்டு விழுந்துவிட்டதால் கூடையில் இருக்கும் பாதிக்கு மேல் ஒலி மங்கிக் கேட்கும். மாற்றத் தெரிந்தவருக்கு 2 வெள்ளிக்கு ஸ்டீவி ரே வானின் 'டெக்சாஸ் ஃப்ளட்' லாபம்தான்.

விலையில் பேரம் உண்டு, ஆனால் ஒரு பொருளுக்கு இல்லை. நாவலும் அதே ஊர்த் தட்டும் சேர்த்து எடுத்தால் கேட்காமலேயே பத்து சதவீதம் குறைக்கிறார். 480 வெள்ளித் தட்டின் முத்திரையைக் காட்டிப் பேசினால் கோபப்படாமல் கேட்டுக்கொள்வார் என்றே தோன்றுகிறது, யாராவது காட்டட்டும். ரொக்கமும் கியூஆர் கட்டணமும் வாங்குகிறார்கள், கார்டு இல்லை. தபாலில் அனுப்புவார்கள். ஆனால் தட்டை உறைக்குள்ளேயே வைத்துக் கட்டுவதால் வழியில் குலுங்கி உறையின் மேல் விளிம்பு கிழிந்து வருகிறது. தட்டை வெளியே எடுத்து உறைக்குப் பின்னால் வைத்து, இரண்டு பக்கமும் அட்டை கொடுக்கச் சொல்லி எழுதுங்கள், செய்வார்கள். நேரில் போகிறவர் ஈப்போவிலிருந்து ரயிலிலேயே வரலாம். காரில் வந்தால் வாங்கிய தட்டை வெயிலில் நிறுத்திய வண்டிக்குள் விட்டுவிட்டுச் சாப்பிடப் போகாதீர்கள், அரை மணி நேரம் போதும் அது கிண்ணமாக வளைய. திங்கட்கிழமை விடுமுறை. பள்ளி விடும் நேரத்தில் போட்டோஸ்டேட் கூட்டம் உள்ளே போக வழிவிடாது, காலை பதினொரு மணிக்கு முன்னால் போய்விடுங்கள்.